மகஜர் எழுதிய மார்ஷல்

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை ராத்திரி கரண்ட் போய்விட்டு வந்தது. அதற்கப்புறம் தூக்கம் வரவில்லை. நானும் அப்பாவும் உட்கார்ந்து 1908-ல் எடுத்த ஒரு பேசாப் படத்தைப் பார்த்தோம். இருபது நிமிடத்துக்கு முன்பின் ஓடும். அமெரிக்காவில் ஓக்லஹோமா மாநிலத்தில், கேஷ் என்ற சின்ன ஊரில், அங்கே நிஜமாகவே இருந்த தெருவில் எடுத்தது. நாலைந்து பேர் குதிரையில் வருகிறார்கள், வங்கியைக் கொள்ளையடிக்கிறார்கள், சுட்டுக்கொண்டே ஊரை விட்டு ஓடுகிறார்கள், சட்டத்தின் ஆட்கள் மலைப்பக்கம் துரத்திப் போய்ப் பிடிக்கிறார்கள். கதை அவ்வளவுதான். கௌபாய் படம் என்றால் எனக்கு உயிர், அதிலும் ஷெரீப், மார்ஷல் என்று அந்த ஊர்க் காவல்காரர்கள் கதை என்றால் சாப்பாடு தண்ணி வேண்டாம். ஆனால் இந்தப் படத்தின் மேல் மட்டும் எனக்கு ரொம்ப நாளாக ஒரு கோபம் இருந்தது. முகமே தெரியாது. கேமரா எங்கோ தள்ளி நிற்கிறது, ஆட்கள் கட்டைவிரல் உயரத்துக்கு ஓடுகிறார்கள், யார் கொள்ளையன் யார் மார்ஷல் என்று பிடிபடுவதற்குள் அடுத்த காட்சி வந்துவிடுகிறது. இயக்கியவர் பில் டில்மன். சினிமாக்காரர் இல்லை. நிஜமான மார்ஷல். டாட்ஜ் சிட்டியில் 1884-லேயே மார்ஷலாக இருந்தவர். அப்படிப்பட்ட மனிதர், தான் வாழ்ந்த வாழ்க்கையையே படமெடுக்க வாய்ப்புக் கிடைத்தபோது, ஏன் இப்படி உப்புச்சப்பில்லாமல் எடுத்து வைத்தார் என்பது எனக்கு ஆறாமலே இருந்தது.

அப்பா காவல் துறையில் முப்பத்திரண்டு வருடம் வேலை பார்த்தவர், அதில் பாதிக்கு மேல் ஸ்டேஷன் ரைட்டர். படம் முடிந்ததும் இன்னொரு தடவை போடச் சொன்னார். ரெண்டாவது தடவை பார்த்துவிட்டுத்தான் சொன்னார்: "இது சினிமா இல்லம்மா. இது பார்வை மகஜர்."

அந்த ஒரு வாக்கியத்தோடுதான் ஒரு மாதமாகக் கிடக்கிறேன். மகஜர் என்றால் என்னவென்று தெரிந்தவர்களுக்கு அப்பா சொன்னதன் கனம் உடனே புரியும். ஒரு குற்றம் நடந்தால், நடந்த இடத்துக்குப் போய், அந்த இடம் எப்படி இருக்கிறது என்பதை மட்டும் எழுதுவது. 'மேற்படி சம்பவ இடமானது கிழமேலாகச் செல்லும் தெருவின் தென்புறம் வடக்குப் பார்த்து அமைந்துள்ளது' என்று ஆரம்பிக்கும். கதவுக்கும் திண்ணைக்கும் எத்தனை அடி, தெருவிளக்கு எந்தப் பக்கம், ரத்தக்கறை எங்கே. ரெண்டு சாட்சிகள் கையெழுத்துப் போடுவார்கள். கூடவே ஒரு மாதிரி வரைபடம். யாருடைய முகமும் அதில் வராது, யார் அழுதார்கள் என்று வராது. சின்ன வயதில் வெள்ளைத்தாளில் அடியில் கார்பன் வைத்து அப்பா எழுதுவதைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்திருக்கிறேன். பேனாவை அவ்வளவு அழுத்துவார், மூன்றாவது பிரதியிலும் எழுத்து விழ வேண்டும் என்று. கோர்ட்டில் ஒரு வக்கீல் எழுந்து 'நீங்கள் நின்ற இடத்திலிருந்து அந்தக் கதவு தெரியுமா' என்று கேட்கும்போது பதில் சொல்ல வேண்டியவர் அப்பா. அதனால் அவருக்குத் தெரு முழுக்க வேண்டும், முகம் வேண்டாம்.

டில்மனுக்கும் அதே பழக்கம்தான் என்று அப்பா சொன்ன பிறகு படம் வேறு மாதிரி தெரிகிறது. கேமரா தள்ளி நிற்பது தெரியாத்தனத்தால் மட்டும் இல்லை. வங்கி வாசல், குதிரைகளைப் பிடித்துக்கொண்டு நிற்கிற ஆள், தெருவின் இந்தக் கோடி, அந்தக் கோடி, எல்லாம் ஒரே பார்வையில் இருந்தால்தான் யார் எங்கே நின்றார்கள், எந்த வழியாகத் தப்பினார்கள் என்பது விளங்கும். ஆட்கள் நகர்ந்தால் கேமராவும் மெதுவாகத் திரும்பிப் பார்க்கிறது, வாசலில் நிற்கும் ஒரு சாட்சி கழுத்தைத் திருப்புவது போல.

இதற்கு ஐந்து வருடம் முன்னால், 1903-ல், எடிசன் நிறுவனம் எடுத்த ரயில் கொள்ளைப் படத்தை நினைத்துப் பாருங்கள். அதை எடுத்தது மேற்கே எங்கும் இல்லை, நியூ ஜெர்சியில். அதில் எல்லோருக்கும் நினைவிருப்பது ஒரே ஒரு காட்சி: கொள்ளைக்காரன் நம் முகத்துக்கு நேராக ரிவால்வரை நீட்டிச் சுடுவது. கதைக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை, படத்தின் தொடக்கத்திலோ முடிவிலோ எங்கே வேண்டுமானாலும் ஒட்டிக்கொள்ளலாம் என்றே விற்றார்கள். அந்த மீசை, அந்தத் தொப்பி, அந்தக் கண். கொள்ளைக்காரனுக்கு சினிமா முகம் கொடுத்துவிட்டது. ஐந்து வருடம் கழித்து ஒரு நிஜ மார்ஷல் வந்து படமெடுத்தபோது, தன் ஆட்களுக்கு அவர் முகம் கொடுக்கவில்லை.

இத்தனைக்கும் அந்த தூரத்தில் ஓடுகிறவர்கள் யாரென்று தெரிந்தால் மலைத்துப் போவோம். கொள்ளையர் தலைவனாக வருபவர் அல் ஜென்னிங்ஸ், 1897-ல் நிஜமாகவே ரயிலைக் கொள்ளையடித்துச் சிறைக்குப் போனவர். துரத்துகிறவர்களில் ஹெக் தாமஸ் இருக்கிறார், டில்மன், கிறிஸ் மேட்சன் இருவரோடும் சேர்த்து ஓக்லஹோமாவின் மூன்று காவலர்கள் என்று ஊரே சொன்ன மூவரில் ஒருவர். கமாஞ்சி இனத்தலைவர் குவானா பார்க்கர்கூட வருகிறார், அவர் வீடு அந்தப் பக்கம்தான். படப்பிடிப்பு என்று தெரியாமல் ஒருவர் வங்கி ஜன்னல் வழியாகக் குதித்து ஓடினார் என்றும் ஒரு கதை உண்டு. இவ்வளவு பேரை வைத்துக்கொண்டு ஒரு குளோசப் கூட இல்லை.

சுடாமல் பிடிப்பது

எனக்கு இந்த மார்ஷல்கள் மேல் பிரியம் வந்ததே அவர்கள் சுட்டதால் இல்லை, சுடாமல் விட்ட கதைகளால். 1890-களில் ஓக்லஹோமா இன்னும் மாநிலமாகவில்லை, பிரதேசம். அங்கே மத்திய அரசின் துணை மார்ஷல்களுக்கு 1896 வரை ஒழுங்கான மாதச் சம்பளம் கிடையாது. ஒரு கைதுக்கு இரண்டு டாலர், வாரண்டை எடுத்துக்கொண்டு போகிற தூரத்துக்கு மைலுக்கு ஆறு சென்ட், இப்படிப் படிக்காசு. கைதியை உயிரோடு கொண்டுவந்து நிறுத்தினால்தான் அதுவும். செத்துப்போனால் படி போச்சு, புதைக்கிற செலவும் பல நேரம் துணை மார்ஷல் தலையில். இதைச் சொன்னபோது அப்பா சிரிக்கவில்லை. "டி.ஏ. பில்லுக்கு அலைஞ்சவனுக்குத்தான் தெரியும்" என்றார். சினிமாவில் மார்ஷல் முதலில் துப்பாக்கியைத் தொடுவான். அந்தக் கணக்கில் வாழ்ந்த நிஜ மார்ஷல் கடைசியில்தான் தொடுவான்.

டில்மனைப் பற்றி அடிக்கடி சொல்லப்படும் ஒரு சம்பவம் இருக்கிறது. நல்ல குளிர். கொள்ளைக்காரன் பில் டூலினின் கூட்டத்தைத் தேடிப் போன டில்மன், ஒரு பண்ணையில் தரைக்குள் பாதி தோண்டிக் கட்டிய வீட்டுக்குள் தனியாக நுழைகிறார். கணப்பில் நெருப்பு எரிகிறது. பண்ணைக்காரன் ஒருத்தன் உட்கார்ந்திருக்கிறான், வாய் திறக்கவில்லை. சுவரோரம் அடுக்கடுக்காகப் படுக்கைகள், எல்லாவற்றுக்கும் திரை. நெருப்புப் பக்கம் போய்க் குளிர் காய்ந்துகொண்டே திரும்பியபோது, ஒவ்வொரு திரைக்கு நடுவிலும் ஒரு ரைபிள் முனை அரை அங்குலம் நீட்டிக்கொண்டிருப்பதைப் பார்க்கிறார். முகம் மாறாமல் இன்னும் கொஞ்ச நேரம் கை காட்டிக் குளிர் காய்ந்துவிட்டு, வழி கேட்டுவிட்டு, அவசரப்படாமல் வெளியே வருகிறார். உள்ளே ஒருவன் முதுகில் சுடப் போனதாகவும் டூலினே அவனைத் தடுத்ததாகவும் சொல்வார்கள். கொஞ்சம் கூட்டிச் சொல்லியிருக்கலாம், யாருக்குத் தெரியும். ஆனால் அந்த அரை அங்குல இரும்பு எனக்குக் கண்ணை மூடினால் தெரிகிறது. பிறகு 1896 ஜனவரியில், ஆர்கன்சாவில் யுரேகா ஸ்பிரிங்ஸ் ஊரின் குளியல் விடுதி ஒன்றில், அதே டூலினை டில்மன் தனியாகப் போய்ப் பிடித்தார். ஒரு குண்டு வெடிக்கவில்லை. கத்ரி ஊர் ரயில் ஸ்டேஷனில் கைதியோடு இறங்கியபோது பார்க்க ஆயிரக்கணக்கில் கூட்டம். பிடிபட்ட டூலின் அதே வருடம் சிறையிலிருந்து தப்பி, ஆகஸ்டில் ஹெக் தாமஸ் படையிடம் சிக்கிச் செத்தான், அது வேறு கதை.

ஹார்ட்டின் முகம்

நியாயமாகச் சொல்ல வேண்டும் என்றால், நான் இந்தப் பேசாப் படங்களுக்குள் விழுந்தது டில்மனால் இல்லை, வில்லியம் எஸ். ஹார்ட்டால். நியூயார்க் மாநிலத்தில் பிறந்த நாடக நடிகர். சினிமாவுக்கு வரும்போதே ஐம்பதை நெருங்கிவிட்டார். நீள முகம், மெல்லிய உதடு, சிரிப்பே வராது. 1916-ல் வந்த 'டிரா ஈகனின் திரும்புதல்' படத்தில் அவர் தேடப்படும் கொள்ளைக்காரன். ஒரு சலூனில் வம்புக்காரன் ஒருவனை அவர் அடக்குவதைப் பார்த்த ஊர்ப் பெரியவர், ஆள் யாரென்று தெரியாமலே, தன் அடங்காத ஊருக்கு மார்ஷலாக வரச் சொல்கிறார். இவரும் பெயரை மாற்றிக்கொண்டு போகிறார். மார்ஷலின் நட்சத்திர பேட்ஜைக் குத்திக்கொண்ட பிறகு, அந்தப் பெரியவரின் மகளைப் பார்த்த பிறகு, வேலையை உண்மையாகவே பார்க்க ஆரம்பித்துவிடுகிறார். அப்புறம் பழைய கூட்டாளி ஊருக்குள் வந்து, 'நீ யாரென்று சொல்லிவிடுவேன்' என்று மிரட்டுகிறான். அந்த இடத்தில் ஹார்ட் ஒன்றுமே செய்ய மாட்டார். கேமரா முகத்துக்குப் பக்கத்தில் நிற்கும். கண் மட்டும் ஒரு சுற்று சுருங்கும். பேச்சில்லாத படம் என்பதையே மறந்துபோவோம், அவர் பேசாமல் இருப்பது கதையில் அவர் பேச முடியாமல் இருப்பதாக ஆகிவிடும். இதுவரை எத்தனை தடவை பார்த்தேன் என்று கணக்கில்லை.

ஹார்ட் ஒரு நாளும் மார்ஷலாக வேலை பார்த்தவர் இல்லை. ஆனாலும் அந்தக் காலத்து நிஜ மார்ஷல்கள் தங்கள் உண்மையைத் தூக்கிக்கொண்டு போய் நின்றது அவர் வாசலில்தான். அவர்களில் ஒருவரான வியட் எர்ப் கடைசிக் காலத்தில் லாஸ் ஏஞ்சல்ஸில் இருந்தார். டூம்ஸ்டோன் ஊரில் அவரும் சேர்ந்து சுட்ட துப்பாக்கிச் சண்டை நடந்து நாற்பது வருடம் கழித்தும் அவரைக் கொலைகாரன் என்று எழுதுகிறவர்கள் இருந்தார்கள். 1923-ல் அவர் ஹார்ட்டுக்குக் கடிதம் எழுதினார், என் கதையை நீங்கள் திரையில் கொண்டுவந்தால் என்னைப் பற்றிய பொய்கள் தீரும் என்ற அர்த்தத்தில். ஒரு நடிகரிடம் ஒரு காவல்காரர் கேட்கிறார், என்னை நம்ப வையுங்கள் என்று. அந்த வருடம் ஹார்ட் எடுத்த வைல்டு பில் ஹிக்காக் படத்தில் எர்ப் என்ற பெயரில் ஒரு சின்னப் பாத்திரம் வந்துபோனது, அவ்வளவுதான் நடந்தது. எர்ப் 1929 ஜனவரியில் இறந்தபோது சவப்பெட்டியைச் சுமந்தவர்களில் ஹார்ட்டும் டாம் மிக்ஸும் இருந்தார்கள். டாம் மிக்ஸும் கௌபாய் நடிகர்தான், ஓக்லஹோமாவில் ட்யூயி என்ற ஊரில் இரவு நேர மார்ஷலாகக் கொஞ்ச காலம் இருந்தவர். படத்தில் அவர் ஓடும் ரயிலிலிருந்து குதிரைக்குத் தாவுகிற ரகம். ட்யூயியில் இரவு ரோந்து போனதை அவர் படமெடுக்கவே இல்லை. எடுத்திருந்தால் யார் டிக்கெட் வாங்கியிருப்பார்கள்?

1915

என் மனசு திரும்பத் திரும்பப் போய் நிற்கிற வருடம் இதுதான்.

அல் ஜென்னிங்ஸ், 1908-ல் டில்மன் படத்தில் கொள்ளையனாக வந்தவர், அதற்குள் பெரிய ஆளாகிவிட்டார். தன் வாழ்க்கையைத் தொடராக எழுதினார், 1914-ல் அது படமாகவும் வந்தது, அவரே நடித்தார். அதே வருடம் ஓக்லஹோமா கவர்னர் பதவிக்குக் கட்சி வேட்பாளர் தேர்தலில் நின்று மூன்றாவதாகவும் வந்தார். அந்தப் படத்தில் கொள்ளையர்கள் நல்லவர்கள், துரத்துகிறவர்கள் முட்டாள்கள். டில்மனுக்கும், அவருடைய பழைய மேலதிகாரி ஈ. டி. நிக்ஸுக்கும், கிறிஸ் மேட்சனுக்கும் பொறுக்கவில்லை. செத்துப்போன சக ஊழியர்களின் பெயரில் பதில் சொல்ல வேண்டும் என்று மூவரும் சேர்ந்து ஒரு கம்பெனி தொடங்கி, டில்மன் முன்பு ஷெரீப்பாக இருந்த லிங்கன் கவுண்டியில் சாண்ட்லர் ஊரைச் சுற்றி 'ஓக்லஹோமா கொள்ளையர்களின் மறைவு' என்ற படத்தை எடுத்தார்கள். டில்மனுக்கு அப்போது அறுபது வயது. நாற்பது வயது டில்மனாக அவரே நடித்தார்.

அந்தப் படத்தின் நெஞ்சுப்பகுதி இங்கால்ஸ் சண்டை. 1893 செப்டம்பர் 1-ம் தேதி இங்கால்ஸ் என்ற ஊரில் டூலின் கூட்டத்தைப் பிடிக்கப் போனபோது மூன்று துணை மார்ஷல்கள் செத்தார்கள். ஹோட்டல் மாடியிலிருந்து அன்று சுட்டவன் ஆர்கன்சா டாம் என்கிற ராய் டாகர்ட்டி. 50 வருடத் தண்டனை பெற்று 1910-ல் பரோலில் வந்தவன். அவனையே கூப்பிட்டு அவன் வேடத்தை அவனுக்கே கொடுத்தார்கள்.

இதை நான் சும்மா தாண்டிப்போக முடியவில்லை. செத்தவர்கள் டில்மனுக்குத் தெரிந்தவர்கள், கூட வேலை பார்த்தவர்கள். அந்தச் சாவுக்காகச் சிறைக்குப் போனவனிடம் போய், வா, அன்றைக்கு எப்படி நின்றாயோ அப்படியே நில், எப்படிக் குறி வைத்தாயோ அப்படியே வை என்று கேட்க எவ்வளவு மனசு வேண்டும். காவல் துறையில் குற்றவாளியைச் சம்பவ இடத்துக்கு அழைத்துப்போய் நடித்துக் காட்டச் சொல்வார்களே, அதேதான். அப்பாவுக்கு இந்த இடம் ரொம்பப் பிடித்தது. "அவனை விட்டா வேற யாருக்கு அந்த ஜன்னல் தெரியும்?" என்று கேட்டார்.

அப்புறம் நடந்ததைக் கதையில் எழுதினால் நம்ப மாட்டார்கள். படப்பிடிப்பு நடந்துகொண்டிருக்கும்போதே, 1915 மார்ச் 27-ம் தேதி, அதே லிங்கன் கவுண்டியில் ஸ்ட்ரவுட் என்ற ஊரில் ஹென்றி ஸ்டார் தன் கூட்டத்தோடு புகுந்து, ஒரே நேரத்தில் இரண்டு வங்கிகளைக் கொள்ளையடித்தான். தப்பி ஓடும்போது பால் கரி என்ற பையன், இன்னும் இருபதுகூட ஆகாதவன், பன்றி அடிக்க வைத்திருந்த குட்டை ரைபிளால் சுட்டு அவனை வீழ்த்தினான். டில்மன் படத்தை அப்படியே போட்டுவிட்டு மிச்சமிருந்தவர்களைத் தேடப் போனார். அறுபது வயதில், வேடத்துக்காக மாட்டிய பெல்ட்டோடு நிஜ வேலைக்கு. கொள்ளையர்கள் மறைந்துவிட்டார்கள் என்று படமெடுக்கிறார், பக்கத்து ஊரில் வங்கியில் நிற்கிறான் கொள்ளைக்காரன். ஹென்றி ஸ்டாரும் பரோலில் வந்து 1919-ல் அதே ஸ்ட்ரவுட்டில் தன் கொள்ளையைத் தானே நடித்துப் படமெடுத்தான், பால் கரியே பால் கரியாக வந்தான். 1921-ல் ஆர்கன்சாவில் இன்னொரு வங்கிக்குள் ஸ்டாருக்குக் குண்டு பாய்ந்து உயிர் போனது.

சரி, டில்மன் படத்துக்கு வருகிறேன். இவ்வளவு நேர்மையாக ஆரம்பித்தவர்கள், இங்கால்ஸ் சண்டைக்குள் ஒரு பெண்ணை நுழைத்தார்கள். சிமரானின் ரோஸ். குண்டு மழைக்கு நடுவே காதலனுக்குத் துப்பாக்கியும் தோட்டாவும் தூக்கிக்கொண்டு ஓடுகிறவள். இந்தக் கதைக்கு நாடு முழுவதும் பேர் வாங்கிக் கொடுத்தது அந்தப் படமும் அதோடு விற்ற சிறு புத்தகமும்தான். அந்தச் சண்டையில் அப்படி ஒரு பெண் ஓடியதாகச் சொல்வது கட்டுக்கதை என்றே விஷயம் தெரிந்த வரலாற்றாய்வாளர்கள் முடிவு கட்டியிருக்கிறார்கள். பொய்யைத் திருத்தவென்று காவல்காரர்கள் எடுத்த படத்திலிருந்து நூறு வருடம் தாண்டி ஜனங்கள் நினைவில் நின்றது அவள்தான். மூன்று துணை மார்ஷல்கள் பெயர் தாமஸ் ஹூஸ்டன், டிக் ஸ்பீட், லஃபாயெட் ஷாட்லி. இந்தப் பெயர்களுக்காகத்தான் படமே எடுத்தார்கள்.

இங்கேதான் எனக்கு டில்மன் மேல் கோபம் வர வேண்டும். வரவில்லை. 1908-ல் அவர் மகஜர் எழுதிப் பார்த்தார், யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. ஜென்னிங்ஸ் கதை சொன்னார், கூட்டம் வந்தது. ஹூஸ்டனையும் ஸ்பீடையும் ஷாட்லியையும் ஜனங்கள் பார்க்க வேண்டுமென்றால் முதலில் ஜனங்கள் உள்ளே வர வேண்டும், வரவழைக்க ஒரு ரோஸ் வேண்டும் என்று மூன்று வயசான காவல்காரர்கள் முடிவு செய்த அந்த நாளை நினைத்தால் எனக்குத் துக்கமாக இருக்கிறது. அது தப்புதான். நான் அதற்கு வக்காலத்து வாங்கவில்லை. கோர்ட்டில் கூட்டிச் சொன்ன ஒரு வாக்கியம் முழுச் சாட்சியத்தையும் கெடுத்துவிடும் என்று அந்த மூவருக்குத் தெரியாததா?

படம் முடிந்ததும் டில்மன் அதை எடுத்துக்கொண்டு வருடக்கணக்கில் ஊர் ஊராகப் போனார். படம் பேசாது, அதனால் அவர் பேசினார். மேடையில் திரைக்குப் பக்கத்தில் நின்று, இது இன்ன இடம், இவன் இன்னான் என்று சொன்னார். திரையில் குதிரையில் போகிறவரும் இங்கே நரைத்த மீசையோடு நிற்கிறவரும் ஒரே ஆள். ரோஸ் ஓடுகிற காட்சி வரும்போது அவர் குரல் எப்படி இருந்திருக்கும் என்று யோசிக்கிறேன். இன்று அந்தப் படத்தில் மிஞ்சியிருப்பது ஒரு பகுதிதான், பேச்சு சுத்தமாகப் போய்விட்டது.

இதையெல்லாம் பேசும்போது ஒரு பெயரை விட்டுவிட்டுப் போக எனக்கு மனசு வராது. பாஸ் ரீவ்ஸ். ஆர்கன்சாவில் அடிமையாகப் பிறந்து, 1875-லிருந்து முப்பத்திரண்டு வருடம் துணை மார்ஷலாக வேலை பார்த்த கறுப்பினத்தவர். மூவாயிரத்துக்கு மேல் கைது. எழுதப் படிக்கத் தெரியாது, வாரண்டுகளைப் படித்துக் காட்டச் சொல்லி மனப்பாடம் செய்துகொண்டு கிளம்புவார். மனைவியைக் கொன்ற சொந்த மகனையே பிடித்துக்கொண்டு வந்து நிறுத்தினார். 1907-ல் ஓக்லஹோமா மாநிலமானதும் வந்த முதல் சட்டங்கள் இன ஒதுக்கல் சட்டங்கள், அந்த வயதில் மஸ்கோகி ஊரில் சாதாரண ரோந்துப் போலீஸாக முடிந்தார். 1910 ஜனவரியில் இறந்தார். டில்மன் படமெடுத்ததும் அவர் இறந்ததும் இரண்டு வருட இடைவெளிதான், இருவரும் ஒரே மாநிலம். ஜென்னிங்ஸுக்குப் படம் இருந்தது, ஸ்டாருக்கு இருந்தது, டால்டன் சகோதரர்களில் மிஞ்சிய எம்மெட்டுக்கும் 1918-ல் இருந்தது. கொள்ளையடித்த ஒவ்வொருவனுக்கும் ஒரு படம். ரீவ்ஸுக்கு ஒரு அடி ஃபிலிம் செலவழிக்க அந்தக் காலத்தில் யாருக்கும் தோன்றவில்லை. அதே ஓக்லஹோமாவில் போலி என்ற கறுப்பினத்தவர் ஊரில் 1920-களின் தொடக்கத்தில் கறுப்பின நடிகர்களை வைத்துக் கௌபாய் படங்கள் எடுத்தார்கள், அந்த ஊருக்குப் போயும் கேமரா அவர் கதைக்குப் போகவில்லை.

குரோம்வெல்

1924-ல் டில்மனுக்கு எழுபது வயது. எண்ணெய் கிடைத்து ஒரே வருடத்தில் முளைத்த குரோம்வெல் என்ற ஊரில் சாராயமும் சூதும் கட்டுக்கடங்காமல் போனபோது மார்ஷலாக வரக் கூப்பிட்டார்கள், போனார். ஆகஸ்டில் மிசூரியில் ஜோப்ளின் ஊரில் ஆர்கன்சா டாம் போலீஸோடு சண்டையிட்டுச் செத்தான். அவன் மறுபடி வங்கிக் கொள்ளைக்கே போய்விட்டிருந்தான். இரண்டரை மாதம் கழித்து நவம்பர் 1-ம் தேதி இரவு, தெருவில் வெடிச்சத்தம் கேட்டு டில்மன் எழுந்து வெளியே வந்தார். சுட்டது வைலி லின், மதுவிலக்கு அதிகாரி. குடித்திருந்தார். டில்மன் அவரைச் சுடவில்லை, கையைப் பிடித்தார். துப்பாக்கியையும் பிடுங்கியாயிற்று. லின்னிடம் இன்னொன்று இருந்தது.

அதே பழக்கம் பாருங்கள். உயிரோடு பிடிக்க வேண்டும்.

உடலை மாநிலத் தலைமைச் செயலகக் கட்டடத்தில் அஞ்சலிக்கு வைத்தார்கள். அடுத்த வருடம் லின் மீது வழக்கு நடந்தது. நேரில் பார்த்தவர்கள் இருந்தும், தற்காப்பு என்ற வாதத்தை ஏற்று ஜூரி அவரை விடுவித்தது.

இதை அப்பாவிடம் சொன்னபோது அவர் கேட்டது ஒன்றே ஒன்றுதான்: "சாட்சி பிறழ்ந்துட்டாங்களா?" அதற்குமேல் அன்று பேசவில்லை.

ரெண்டு நாள் கழித்து நான் வேலையிலிருந்து வந்தபோது, டீப்பாயில் தினக் காலண்டர் தாளின் பின்பக்கம் ஒரு படம் கிடந்தது. 1908 படத்தை மறுபடி தனியாகப் போட்டுப் பார்த்து, நிறுத்தி நிறுத்தி, கேஷ் ஊர்த் தெருவுக்கு மாதிரி வரைபடம் போட்டிருக்கிறார். ஸ்கேல் வைத்துக் கோடு. வங்கி ஒரு சதுரம். குதிரைகள் நின்ற இடம் சின்னப் புள்ளிகள். கொள்ளையர்கள் போன வழிக்கு விட்டுவிட்டுக் கோடு. ஒவ்வொன்றுக்கும் ஒரு எண், கீழே விவரம், அந்தப் பழைய அழுத்தமான கையெழுத்தில். மேல் மூலையில் திசை காட்ட ஒரு சின்ன வட்டம் போட்டு அம்புக்குறி போடாமல் விட்டிருந்தார். ஏன் என்று கேட்டேன்.

"நிழல் விழுறது தெரியுது. காலையில எடுத்தானா சாயங்காலம் எடுத்தானான்னு தெரியலையே. எப்படிப் போடுறது?"